போலந்தின் இளையோர் ஸ்பீட்வே அணி தோற்றதே இல்லையா?

போலந்தின் 21 வயதுக்குட்பட்டோர் ஸ்பீட்வே அணி, உலக அணிப் பட்டத்தை ஒருமுறைகூட இழந்ததில்லை என்ற தகவல் வாட்ஸ்அப் குழுக்களில் பரவி வருகிறது. இது தவறு.

பிரேக் இல்லாத 500 சிசி மோட்டார் சைக்கிள்களை மண் தடத்தில் இடப்புறமாகச் சறுக்கியபடி நான்கு சுற்றுகள் ஓட்டும் இந்த விளையாட்டில், இளையோர் அணிகளுக்கான உலகப் போட்டி 2005-இல் தொடங்கியது. செக் குடியரசின் பர்டுபிட்சே நகரில் நடந்த அந்த முதல் இறுதிப் போட்டியிலிருந்து 2009 வரை தொடர்ந்து ஐந்து முறை போலந்தே வென்றது என்பது உண்மை. வதந்தி இதிலிருந்து முளைத்திருக்கலாம். ஆனால் 2010-இல் டென்மார்க்கும், 2011-இல் தன் சொந்த மண்ணான பலகோவோவில் ரஷ்யாவும் பட்டம் வென்றன. 2012-இல் போலந்து அதை மீட்டாலும், 2013-இல் டென்மார்க் மீண்டும் பறித்துக்கொண்டது. 2014 முதல் போலந்தின் ஆதிக்கம் திரும்பியது. இவ்வளவு வலுவான சாதனைக்கு மிகைப்படுத்தல் தேவையே இல்லை.

சர்வதேச மோட்டார் சைக்கிள் கூட்டமைப்பின் அதிகாரப்பூர்வ முடிவுப் பட்டியல்களில் ஆண்டுவாரியாக இதைச் சரிபார்க்கலாம். அத்தகவல் உங்களுக்கு வந்திருந்தால், தயவுசெய்து மேலும் பகிராமல், அனுப்பியவருக்கு இந்த மூன்று ஆண்டுகளின் முடிவைத் தெரிவியுங்கள்.