இந்திரலால் ராய்க்கு ஒரு பத்தி

ஜூலை 22 வந்தால் அப்பாவின் தபால்தலை ஆல்பத்தை எடுத்துப் பார்ப்பது என் வழக்கம். 1998 டிசம்பரில் வெளியான ஒரு தபால்தலை அதில் இருக்கிறது. சீருடை போட்ட ஒரு முகம். மீசைகூட அரும்பாத முகம். சின்ன வயதில் யாரோ சினிமா நடிகர் என்று நினைத்திருந்தேன்.

அவர் இந்திரலால் ராய், முதல் உலகப்போரில் பிரிட்டிஷ் படைக்காகப் பறந்த இந்திய விமானி. 1898இல் கல்கத்தாவில் பிறந்தவர். அப்பா பாரிஸ்டர். அம்மா லலிதா ராய், பெண்களுக்கு வாக்குரிமை கேட்டு 1911இல் லண்டனில் நடந்த ஊர்வலத்தில் சேலை கட்டி நடந்த இந்தியப் பெண்களில் ஒருவர். பிள்ளைக்கு அந்தப் பிடிவாதம் எங்கிருந்து வந்தது என்று நான் யோசித்ததே இல்லை.

லண்டனில் பள்ளிப் படிப்பை முடித்த கையோடு 1917இல் பிரிட்டிஷ் ராணுவத்தின் விமானப் பிரிவான ராயல் ஃப்ளையிங் கோரில் சேரப் போனார். கண்பார்வை போதாது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். வேறு யாராக இருந்தாலும் அத்தோடு விட்டிருப்பார்கள். இவர் தன்னுடைய மோட்டார் சைக்கிளை விற்றார். அந்தக் காசில் பெரிய கண் மருத்துவர் ஒருவரிடம் போய்க் காட்டி, பார்வையில் குறையில்லை என்று எழுதி வாங்கி வந்து நின்றார். சேர்த்துக்கொண்டார்கள். பதினெட்டு வயதுப் பையனுக்கு மோட்டார் சைக்கிள் என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். என் மகனுக்கும் அதே வயதுதான்.

அந்த டிசம்பரிலேயே பிரான்ஸில் விமானம் விழுந்து நொறுங்கியது. இறந்துவிட்டார் என்று பிணவறையில் கொண்டுபோய்ப் போட்டார்கள், நினைவு திரும்பியதும் உள்ளேயிருந்து கதவைத் தட்டினார் என்று சொல்வார்கள். பறக்கத் தகுதியில்லை என்று மருத்துவர்கள் எழுதிவிட்டார்கள். படுக்கையில் கிடந்த நாட்களில் விமானங்களாக வரைந்து தள்ளினார். விடாமல் கேட்டுக்கேட்டு 1918 ஜூனில் 40ஆவது ஸ்குவாட்ரன் என்ற போர் விமான அணிக்கு வந்து சேர்ந்தார்.

அடுத்து நடந்ததை நாள் கணக்கில்தான் சொல்ல வேண்டும். ஜூலை 6இல் முதல் எதிரி விமானத்தை வீழ்த்தினார். 8ஆம் தேதி நான்கு மணி நேரத்துக்குள் மூன்று. 19ஆம் தேதிக்குள் மொத்தம் பத்து. பதின்மூன்றே நாட்கள். சிலவற்றில் சக விமானிகளுக்கும் பங்கு உண்டு, அந்தக் கணக்கு அப்படித்தான் எழுதப்படும். அவர் ஓட்டிய எஸ்.ஈ.5ஏ மரச்சட்டத்தில் துணி போர்த்திய விமானம். ஓட்டுபவருக்குப் பாராசூட் கிடையாது. தீப்பிடித்தால் குதிக்க வழியில்லை.

ஜூலை 22, கார்வின் ஊருக்கு மேலே ஜெர்மானிய ஃபோக்கர் விமானங்களோடு சண்டை. திரும்பி வரவில்லை. வயது 19. அவருக்குத் தொழில் கற்றுக்கொடுத்த ஜார்ஜ் மெக்எல்ராய் ஒன்பதே நாளில் வீழ்ந்தார்.

"வெள்ளைக்காரனுக்காகச் செத்தவனுக்கு நாம ஏன்டா மாலை போடணும்?" என்று நண்பன் ஒருவன் கேட்டான். எனக்குக் கோபம் வந்தது. அந்தப் போரில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் கடல் தாண்டிப் போனார்கள். அவர்களை இரண்டு முறை கைவிடுகிறோம். அன்று நம்மை ஆண்ட வெள்ளைக்காரன் அவர்களைச் சமமாக மதிக்கவில்லை. இன்று நாம் அவர்களை நம்மவர் என்று ஏற்கவில்லை. அதே போரில் பறந்த இன்னொரு இந்திய விமானி ஹர்தித் சிங் மாலிக் தலைப்பாகைக்கு மேல் பொருந்தும்படி தலைக்கவசம் செய்து போட்டுக்கொண்டு பறந்தார். காலில் பாய்ந்த குண்டோடு கடைசிவரை வாழ்ந்தார். இத்தனை பேர் ஓட்டிக் காட்டிய பிறகும் போர் முடிந்ததும் இந்தியருக்கு விமானப்படைக் கதவைச் சாத்திவிட்டார்கள். இந்திய விமானப்படை பிறக்க 1932 அக்டோபர் 8 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இந்தியனுக்கு விமானம் ஓட்ட வராது என்ற பேச்சுக்கு 1918லேயே பதில் சொல்லிவிட்டுப் போனவரை நாம் தள்ளி வைப்பது எந்த விதத்தில் நியாயம்?

நான் சிலை கேட்கவில்லை. பள்ளிக்கூடப் புத்தகத்தில் முதல் உலகப்போர் பாடத்தில் ஒரு பத்தி கேட்கிறேன். என் மகன் பிளஸ் டூ முடித்துவிட்டான், இந்தப் பெயரை அவன் முதலில் கேட்டது என் வாயிலிருந்துதான்.

வடக்கு பிரான்ஸில் எஸ்தெவெல் என்ற சிற்றூரின் இடுகாட்டில் அவரை அடக்கம் செய்திருக்கிறார்கள். சுற்றிலும் பிரெஞ்சுப் பெயர்கள். அவருடைய கல்லில் மட்டும் வங்காள எழுத்து இருக்கிறது.