அம்மாவைக் கேட்டீர்களா?

நம் குடும்பத்து இளையவர்களே, என் அம்மாவை மேடையேற்றிச் சிரித்த அந்த வீடியோவை நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள். நாலு நாள் பொறுத்துப் பார்த்தேன், முடியவில்லை.

தண்டையார்பேட்டை மண்டபத்தில் மைக்கை வைத்துக்கொண்டு, "ஆயா, பேத்தியைக் கட்டிப்பிடிச்சு ஐ லவ் யூ சொல்லு" என்று 76 வயது அம்மாவை மேடைக்கு இழுத்தீர்கள். முந்தானையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றாள். மண்டபமே சிரித்தது. அதை ரீல்ஸாகப் போட்டு, "பாசம் காட்டத் தெரியாத ஆயா" என்று மேலே எழுத்து வேறு. ஒருத்தராவது அம்மாவைக் கேட்டீர்களா?

தொடும் முன் கேட்க வேண்டும் என்று எங்களுக்குச் சொல்லிக்கொடுத்ததே நீங்கள்தான். ஆயாக்கள் கேட்டுவிட்டா கன்னத்தைக் கிள்ளுகிறார்கள் என்பீர்கள். சரி, நியாயம்தான். பிள்ளைகளைப் பாலியல் கொடுமையிலிருந்து காக்க 2012இல் போக்சோ சட்டமே வந்தது. உறவுக்காரர் ஒருவர் மடியில் உட்காரமாட்டேன் என்று என் மகள் சொன்னபோது அவள் பக்கம்தான் நின்றேன். அதே பாடம் அம்மாவுக்குப் பொருந்தாதா? வயதானால் உடம்பு ஊர்ச்சொத்தா?

பாசம் காட்டத் தெரியாதாம். புளியந்தோப்பில் ஒரே அறை, ஆறு பேர். மழை நாளில் ஒருவர் கால் இன்னொருவர் மேல் கிடந்தால்தான் எல்லோருக்கும் படுக்க இடம். அம்மா மடியில் தலை வைத்தால் பேன் பார்த்துக்கொண்டே தூங்கவைத்துவிடுவாள். அதற்கு நாங்கள் பெயர் வைக்கவில்லை, அவ்வளவுதான்.

பின்னி துணி மில் மூடிய 1996இல்தான் நான் பத்தாவது தேறினேன். 412 மார்க். அம்மா ஒரு வார்த்தை பாராட்டவில்லை. எனக்குக் கோபம். விளக்கு வைத்த பிறகு கல் உப்பும் காய்ந்த மிளகாயும் தெருமண்ணும் எடுத்து எனக்குச் சுத்தி, அடுப்பில் போட்டாள். "நெடியே வர்ல பாரு, அவ்ளோ கண்ணு" என்று என் தலையைத் தடவி, தன் நெற்றியில் விரல்களை மடக்கி நெட்டி முறித்தாள். பக்கத்து வீட்டில் மில் சம்பளம் நின்று மூன்று மாதம். இடையில் ஒரே சுவர். என் மார்க்கை அன்று சத்தமாக எப்படிக் கொண்டாடுவாள்?

வாயைத் திறந்து சொன்னால்தான் என்ன என்று கேட்பவர்களுக்கு: சொல்லலாம். நான் என் பிள்ளைகளுக்குத் தினமும் சொல்கிறேன். அப்பா வாயிலிருந்து ஒரே ஒரு "நல்லா பண்ணடா" வராதா என்று அவர் போகும்வரை காத்திருந்தவன் நான். கடைசி ராத்திரி என் மணிக்கட்டைப் பிடித்தவர் விடியும்வரை விடவில்லை. அந்தப் பிடி எனக்குப் போதுமா, போதாதா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியவில்லை. ஆனால் அது எனக்கும் அப்பாவுக்கும் நடுவில் உள்ளது. அதற்கு மைக் வைக்க யாருக்கும் உரிமை இல்லை.

நேற்று அம்மா கேட்டாள்: "இன்னாத்துக்குடா எல்லாரும் என்னப் பாத்து சிர்ச்சாங்க?" ஒண்ணும் இல்லம்மா என்றேன். வெள்ளிக்கிழமை காசிமேட்டில் வளைகாப்பு. ஒரு வாரம் முன்பே புடவை எடுத்து வைத்திருந்தாள். இன்று காலையில் அதைத் திரும்ப பீரோவில் வைத்துவிட்டு, "நீ போய்ட்டு வா, எனக்குக் கால் வலி" என்கிறாள்.

வீடியோவை இன்று ராத்திரிக்குள் எடுத்துவிடுங்கள். அப்புறம் வீட்டுக்கு வந்து அம்மாவைப் பாருங்கள். போன் இல்லாமல்.