செல் சவ்வைச் சுவர் என்று சொல்லாதீர்கள்

பள்ளியில் செல் சவ்வு படம் வரையச் சொன்னால் எனக்குக் கொண்டாட்டம். வட்டமாக ஒரு தலை, கீழே இரண்டு வால். அப்படி ஒரு வரிசை, எதிரே தலைகீழாக இன்னொரு வரிசை, நடுநடுவே உருண்டையாகச் சில புரதங்கள். முழு மதிப்பெண். அந்தப் படத்தில் குறை என்னவென்று பல வருடம் கழித்துத்தான் உறைத்தது: அதில் எதுவுமே அசையவில்லை.

இன்றைக்கும் பல பாடக் காணொளிகளில் சவ்வு என்றால் 'செல்லின் மதில்', 'வாசல் காவலாளி' என்றுதான் ஆரம்பிக்கிறார்கள். தாவரச் செல்லுக்குச் செல் சுவர் என்று நிஜமாகவே தனியாக ஒன்று இருக்கிறது. சவ்வையும் சுவர் என்றால் படிக்கிற பிள்ளை குழம்பாமல் என்ன செய்யும்?

சவ்வு கிட்டத்தட்ட ஓர் எண்ணெய்ப் படலம். புரதங்களோடு சேர்த்து 7 அல்லது 8 நானோமீட்டர் தடிமன், அவ்வளவுதான். இதில் இருக்கும் பாஸ்போலிப்பிடுகள் (படத்தில் தலையும் வாலுமாக வரைந்தோமே, அந்தக் கொழுப்பு மூலக்கூறுகள்) ஒன்றோடொன்று வேதிப்பிணைப்பால் கட்டப்பட்டவை அல்ல. தலைக்கு நீர் பிடிக்கும், வாலுக்குப் பிடிக்காது. உள்ளேயும் வெளியேயும் நீர் இருப்பதால் வால்கள் நடுவில் ஒளிந்துகொள்கின்றன. அதாவது, சவ்வைச் சேர்த்துப் பிடித்திருப்பதே சுற்றியிருக்கும் நீர்தான். சின்ன ஓட்டை விழுந்தால் தானாகவே மூடிக்கொள்ளும். எந்தச் சுவர் இப்படிச் செய்யும்?

ஒரு பாஸ்போலிப்பிடு தன் பக்கத்து மூலக்கூறோடு நொடிக்குச் சுமார் 1 கோடி முறை இடம் மாறுகிறது. புரதங்களும் நகர்கின்றன. 1970இல் ஃப்ரை, எடிடின் என்ற ஆய்வாளர்கள் இருவரும் எலிச் செல்லையும் மனிதச் செல்லையும் ஒன்றாக இணைத்து, இரண்டின் சவ்வுப் புரதங்களுக்கும் வெவ்வேறு நிறத்தில் ஒளிரும் அடையாளம் கொடுத்தார்கள். முதலில் பாதிக்குப் பாதி தனித்தனி நிறம். 37 டிகிரி செல்சியஸில் 40 நிமிடம் வைத்ததும் நிறங்கள் கலந்துவிட்டன. குளிரில் வைத்தவை கலக்கவில்லை. (எல்லாப் புரதங்களும் இப்படி இஷ்டத்துக்குத் திரிவதில்லை. உள்ளே இருக்கும் செல் சட்டகத்தோடு கட்டிப்போடப்பட்டவையும் உண்டு.) இரண்டு வருடத்தில் சிங்கர், நிக்கல்சன் என்ற ஆய்வாளர்கள், திரவம் போன்ற லிப்பிடுப் படலத்தில் புரதங்கள் பதிந்திருக்கின்றன என்று சொல்லும் திரவ மொசைக் மாதிரியை வெளியிட்டார்கள். நாம் மனப்பாடம் செய்த பெயர்தான். அதில் 'திரவ' என்ற சொல்லை மட்டும் யாரும் கண்டுகொள்வதில்லை.

சரி, காவலாளி உவமைக்கு வருகிறேன். ஆக்சிஜனும் கார்பன் டை ஆக்சைடும் யாரையும் கேட்காமல் சவ்வுக்குள் கரைந்து போய்வருகின்றன. மின்னூட்டம் உள்ள அயனிகளுக்குத்தான் அந்த எண்ணெய்ப் பகுதி ஆகாது. அவற்றுக்குப் புரதத்தாலான வழி வேண்டும். பொட்டாசியம் அயனிகளுக்கு மட்டும் வழிவிடும் புரதமான பொட்டாசியம் கால்வாயை எடுத்துக்கொள்ளுங்கள். சோடியம் அயனி பொட்டாசியத்தைவிடச் சிறியது. சல்லடையாக இருந்தால் அது சுலபமாக நுழைந்திருக்க வேண்டும். ஆனால் மாட்டாது! நீரில் மிதக்கும் அயனியைச் சுற்றி நீர் மூலக்கூறுகள் ஒட்டியிருக்கும். அவற்றைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே வர முடியும். கால்வாயின் குறுகிய பகுதியில் ஆக்சிஜன் அணுக்கள் சரியாகப் பொட்டாசியத்தின் அளவுக்கு அமைந்து, அது இழந்த நீரின் இடத்தை நிரப்புகின்றன. சிறிய சோடியத்துக்கு அவை எல்லாம் சேர்ந்து எட்டுவதில்லை. நீரைக் கழற்றிய நஷ்டத்தை ஈடுகட்ட ஆளில்லை. அதனால் அது வெளியிலேயே நின்றுவிடுகிறது. 1998இல் விஞ்ஞானி மெக்கின்னனின் குழு இந்தக் கால்வாயின் அமைப்பை வெளியிட்டது. 2003இல் அவருக்கு நோபல். இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. இதைப் போய் 'தேர்வு கடத்துத் தன்மை' (சிலவற்றை மட்டும் உள்ளே விடும் தன்மை) என்று இரண்டே சொல்லில் முடித்துவிடுகிறார்கள்.

அப்புறம் சோடியம்-பொட்டாசியம் பம்பு என்று சவ்வில் இன்னொரு புரதம் இருக்கிறது. செல்லின் ஆற்றல் மூலக்கூறான ஏடிபி ஒன்றைச் செலவழித்து 3 சோடியத்தை வெளியே தள்ளி, 2 பொட்டாசியத்தை உள்ளே இழுக்கும். அது இல்லாமல் நரம்பே வேலை செய்யாது.

சவ்வின் இரண்டு அடுக்கும் ஒன்றுபோல இருப்பதாகவும் அந்தப் பழைய படம் நம்ப வைத்துவிட்டது. பாஸ்படிடைல்செரின் என்ற லிப்பிடை உயிருள்ள செல் கிட்டத்தட்ட முழுவதும் உள்ளடுக்கிலேயே வைத்திருக்கும். அது வெளியே நழுவினால் பிடித்து உள்ளே திருப்புவதற்கென்றே நொதிகள் உண்டு. செல் தன்னைத்தானே முடித்துக்கொள்ளும் கட்டத்தில் அந்த வேலை நின்றுவிடும். லிப்பிடு வெளியடுக்கில் தெரிய ஆரம்பிக்கும். அதைப் பார்த்துத்தான், சாகும் செல்லை விழுங்கி அகற்றும் விழுங்கு செல்கள் வந்து சேர்கின்றன.