ஒட்டுவது வேறு, கலப்பது வேறு: ஃபியூசோஜென் என்று எதைச் சொல்லலாம்?

ஃபியூசோஜென் என்ற சொல் இப்போது அடிக்கடி கண்ணில் படுகிறது. வைரஸ் பற்றிய கட்டுரைகளில் வருகிறது, மரபணு சிகிச்சை பற்றிய செய்திகளில் வருகிறது, கருத்தரித்தல் பற்றிய விளக்கங்களிலும் வருகிறது. நல்ல விஷயம்தான். ஆனால் செல்லோடு ஒட்டும் புரதம், செல்லுக்குள் நுழைய உதவும் புரதம், இரண்டு சவ்வுகளை உண்மையிலேயே ஒன்றாக்கும் புரதம் என மூன்றையும் ஒரே பெயரில் அழைக்கும் பழக்கம் பரவிக்கொண்டிருக்கிறது. எனக்கு இதில் கடுமையான ஆட்சேபம் உண்டு. கடைசி வேலையைச் செய்யும் புரதத்துக்கு மட்டுமே அந்தப் பெயர் சேர வேண்டும். அந்த வித்தியாசத்தை நம்பித்தான் மருந்துகளும் தடுப்பூசிகளும் உருவாகியிருக்கின்றன.

முதலில் அந்த வேலை எவ்வளவு கடினம் என்று பார்க்கலாம். ஒவ்வொரு செல்லையும் சுற்றி நான்கைந்து நானோமீட்டர் தடிமனில் இரட்டை அடுக்குக் கொழுப்புச் சவ்வு இருக்கிறது. இரண்டு செல்கள் பக்கத்தில் பக்கத்தில் வருடக்கணக்கில் இருந்தாலும் அவற்றின் சவ்வுகள் தானாகக் கலந்துவிடுவதில்லை, ஏனென்றால் சவ்வின் மேற்பரப்பில் தண்ணீர் மூலக்கூறுகள் இறுக்கமாகப் பற்றிக்கொண்டிருக்கின்றன, ஒன்றிரண்டு நானோமீட்டர் நெருக்கத்துக்கு வரும்போது அந்தத் தண்ணீரை வெளியேற்ற நிறைய ஆற்றல் செலவாகும். அதைத் தாண்டினால்கூட முதலில் வெளி அடுக்குகள் மட்டும்தான் கலக்கும். இதை அரை இணைவு என்பார்கள். அப்புறம் உள் அடுக்குகளும் கலந்து, நடுவில் ஒரு துளை திறந்து, அது விரிய வேண்டும். அப்போதுதான் உள்ளே இருக்கும் சரக்கு ஒன்றோடொன்று சேரும். தண்ணீரை விலக்குவதிலிருந்து துளை விரிவது வரை சவ்வுகளை இழுத்துச் செல்லும் புரதம்தான் ஃபியூசோஜென்.

இதில் மிக நன்றாக ஆராயப்பட்டது இன்ஃப்ளூயன்சா வைரஸின் ஹீமக்ளூட்டினின் என்ற புரதம். 1981ல் இதன் முப்பரிமாண அமைப்பு வெளியானது. இதில் இரண்டு பகுதிகள் உண்டு. எச்ஏ1 என்ற பகுதி செல்லின் மேல் இருக்கும் சயாலிக் அமிலம் என்ற சர்க்கரைப் பொருளைப் பிடித்துக்கொள்ளும். எச்ஏ2 என்ற பகுதி சவ்வைக் கலக்கும். செல் அந்த வைரஸை ஒரு பைக்குள் விழுங்குகிறது, பை மெல்ல அமிலத்தன்மை அடைகிறது, பிஎச் அளவு 5க்கு அருகில் இறங்கும்போது எச்ஏ2 எலிப்பொறி மாதிரி தெறிக்கிறது: உள்ளே மடங்கிக் கிடந்த நுனி வெளியே பாய்ந்து செல்லின் சவ்வில் குத்திக்கொள்ள, புரதம் மறுபடி மடங்கி, இரண்டு சவ்வுகளையும் ஒன்றின் மேல் ஒன்றாக இழுத்துவிடுகிறது. தெறித்தது தெறித்ததுதான், பழைய வடிவத்துக்குத் திரும்பாது. அதனால்தான் இந்த வைரஸை செல் எதுவும் பக்கத்தில் இல்லாதபோது அமிலத்தில் போட்டால் அதன் புரதங்கள் வீணாகத் தெறித்து, வைரஸ் தொற்றும் திறனை இழக்கிறது.

இந்தப் புரதம் முதலில் ஒரே நீளமான சங்கிலியாகத் தயாராகிறது, பிறகு ஒரு நொதி அதை இரண்டாக வெட்டுகிறது. வெட்டப்படாத நிலையில் அது செல்லோடு நன்றாகவே ஒட்டும், ஆனால் சவ்வைக் கலக்காது, தொற்றும் நடக்காது. ஒட்டுவதும் கலப்பதும் தனித்தனி வேலைகள் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டுமா? 1994ல் இன்னொன்றும் செய்தார்கள். இந்தப் புரதத்தின் வாலை நீக்கிவிட்டு, சவ்வின் வெளி அடுக்கில் மட்டும் நங்கூரமிட்டு நிற்கும்படி மாற்றினார்கள். அது அரை இணைவு வரை போய் அங்கேயே நின்றது. வெளிக் கொழுப்பு கலந்தது, உள்ளே இருந்தவை கலக்கவில்லை. ஆக, கலப்பதற்குள்ளேயே பாதி வேலை, முழு வேலை என்ற பிரிவு இருக்கிறது.

எச்ஐவிக்கு வருவோம். ஜிபி120 என்ற புரதம் செல்லின் ஏற்பிகளை, அதாவது செல்லின் மேல் இருக்கும் சில புரதங்களைப் பிடிக்கிறது, ஜிபி41 சவ்வைக் கலக்கிறது. இரண்டுக்கும் தனித்தனி மருந்து உண்டு. 2003ல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற என்ஃபுவிர்டைடு, ஜிபி41 மடங்குவதைத் தடுக்கிறது. 36 அமினோ அமிலங்கள் கொண்ட சின்னத் துண்டு அது, நடுவில் போய் உட்கார்ந்துகொள்ளும். 2007ல் வந்த மராவிராக், செல்லின் பக்கம் இருக்கும் சிசிஆர்5 ஏற்பியைப் பிடித்துக்கொண்டு, ஜிபி120 அதைப் பயன்படுத்த முடியாமல் செய்கிறது. அதனால் வேறோர் ஏற்பியைப் பயன்படுத்தும் எச்ஐவி வகையிடம் மராவிராக் எடுபடாது. இரண்டையும் “வைரஸ் நுழைவதைத் தடுக்கும் மருந்து” என்று எழுதிவிட்டுப் போகலாம், தவறு இல்லை. ஆனால் எந்த நோயாளிக்கு எது பயன்படும் என்று கேட்டால் அந்த வரி எதையும் சொல்லாது.

கோவிட் நாட்களில் கொரோனா வைரஸின் மேல் முள் மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும் கூர்ப்புரதம் (ஸ்பைக்) பற்றி எல்லோரும் பேசினார்கள், எழுதினார்கள். பெரும்பாலான விளக்கங்கள் ஏசிஇ2 ஏற்பியோடு அது ஒட்டுவதோடு முடிந்துவிட்டன. அந்த வேலை எஸ்1 பகுதியுடையது. அதன் கீழே இருக்கும் எஸ்2 தான் ஃபியூசோஜென், அதைப் பற்றி யாரும் பெரிதாகப் பேசவில்லை. இத்தனைக்கும் ஃபைசர், மாடர்னா தடுப்பூசிகளின் வடிவமைப்பில் முக்கியமான நுணுக்கம் எஸ்2வில்தான் இருக்கிறது: 986, 987 ஆகிய இரண்டு இடங்களில் இருந்த அமினோ அமிலங்களை எடுத்துவிட்டு புரோலின் என்ற வேறோர் அமினோ அமிலத்தை வைத்தார்கள். புரோலின் இருந்தால் அந்த இடம் நீண்ட சுருளாக நிமிர முடியாது, ஆகவே புரதம் தெறிக்காமல் முந்தைய வடிவத்திலேயே நிற்கும், நம் உடலும் அந்த வடிவத்துக்கு எதிராக எதிர்ப்பொருட்களை உண்டாக்கும். சவ்வைக் கலக்கும் வேலையை முடக்கி வைத்த புரதம் அது. “தடுப்பூசியில் இருக்கும் புரதம் செல்களை ஒன்றோடு ஒன்று ஒட்டவைத்துவிடும்” என்று பயமுறுத்திப் பகிரப்பட்ட செய்திகளுக்கு இந்த இரண்டு புரோலின்களைச் சுட்டிக்காட்டியே நேராகப் பதில் சொல்லியிருக்கலாம். சொல்லவேண்டியவர்கள் சொல்லவில்லை என்பது எனக்கு இன்னும் வருத்தம்தான்.

குழந்தைகளையும் முதியவர்களையும் சுவாச நோயில் தள்ளும் ஆர்எஸ்வி வைரஸிலும் இதே கதைதான். அதன் எஃப் புரதம் தெறிப்பதற்கு முன் எப்படி இருக்கும் என்பது 2013ல் தெரியவந்தது, அந்த வடிவத்தை நிலைப்படுத்தி உருவாக்கிய தடுப்பூசிகள் 2023ல் அனுமதி பெற்றன. அதற்கு முன் பல பத்தாண்டுகள் முயன்றும் கைகூடாத தடுப்பூசி இது.

இங்கே ஒரு பெயர்க்குழப்பத்தையும் சொல்லிவிட வேண்டும். இணைவுப் புரதம் என்று எழுதினால் அதற்கு இரண்டு அர்த்தம் வரும். சவ்வுகளை இணைக்கும் புரதம் என்று ஒன்று. இரண்டு மரபணுக்கள் ஒட்டிப்போனதால் உருவாகும் ஒட்டுப் புரதம் என்று இன்னொன்று. ஒருவகை ரத்தப் புற்றுநோய்க்குக் காரணமான பிசிஆர்-ஏபிஎல், மூட்டுவாதத்துக்குக் கொடுக்கும் எடானர்செப்ட் எல்லாம் இரண்டாவது வகை, அவற்றுக்கும் சவ்வுக்கும் சம்பந்தமே இல்லை. ஆகவே முதல் வகைக்கு ஃபியூசோஜென் என்றே எழுதுவது நல்லது என்பது என் கருத்து.

சரி, இதுவரை வைரஸ் பற்றியே பேசிவிட்டேன். இந்தப் புரதங்கள் என்றாலே வைரஸின் ஆயுதம் என்ற எண்ணம் பரவியிருக்கிறது, அது எனக்குக் கொஞ்சமும் ஏற்புடையதல்ல. நாம் ஒவ்வொருவரும் பிறந்ததே இவற்றால்தான். நஞ்சுக்கொடியில் தாயின் ரத்தத்தைத் தொட்டு நிற்கும் வெளிப்படலம், எண்ணற்ற செல்கள் ஒன்றாகக் கலந்து உருவான ஒரே பரப்பு. அந்தக் கலப்பைச் செய்வது சின்சிட்டின் என்ற புரதம். 2000ஆம் ஆண்டில் இதைப் பற்றிய ஆய்வு வெளியானபோதுதான் அது ஒரு பழைய ரெட்ரோவைரஸின் (தன் மரபணுவைச் செல்லின் மரபணுத் தொகுதிக்குள் செருகிவிடும் வைரஸ் வகை) உறைப்புரதம் என்று தெரிந்தது. கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் நம் மூதாதை விலங்கு ஒன்றின் மரபணுத் தொகுதியில் வைரஸ் விட்டுச்சென்ற மரபணு, இன்று குழந்தைக்கு உணவும் ஆக்சிஜனும் போய்ச்சேரும் படலத்தைக் கட்டுகிறது. எலிகளும் இதேபோன்ற மரபணுவைத் தனியாக வேறொரு வைரஸிடமிருந்து பெற்றிருக்கின்றன. எலியில் சின்சிட்டின்-ஏ மரபணுவை நீக்கினால் கரு பாதிக் கர்ப்பத்திலேயே இறந்துவிடுகிறது. இதை முதன்முதலில் படித்தபோது எனக்கு உண்டான வியப்பு இன்றுவரை குறையவில்லை.

தசையும் அப்படித்தான். ஒரு தசை நார் என்பது நூற்றுக்கணக்கான செல்கள் கலந்து உருவான ஒரே நீண்ட செல். 2013ல் மயோமேக்கர் என்ற புரதத்தைக் கண்டுபிடித்தார்கள். 2017ல் அதன் கூட்டாளியை மூன்று குழுக்கள் தனித்தனியாகக் கண்டுபிடித்து மயோமெர்ஜர், மயோமிக்சர், மினியன் என்று மூன்று பெயர் வைத்தார்கள். நூறு அமினோ அமிலங்கள்கூட இல்லாத குட்டிப் புரதம் அது. மயோமேக்கர் அரை இணைவு வரை கொண்டுபோகிறது, மயோமெர்ஜர் துளையைத் திறக்கிறது. சாதாரணமாகக் கலக்காத நார்த்திசுச் செல்களில் இரண்டையும் சேர்த்து வைத்தால் அவை கலக்கின்றன. அப்படியானால் இதில் எது ஃபியூசோஜென்? என்னைக் கேட்டால் அந்த ஜோடிதான். தனித்தனியாக எதற்கும் அந்தப் பெயரைக் கொடுக்கக் கூடாது. மயோமேக்கர் மரபணுவில் பிறழ்வு இருந்தால் கேரி-ஃபைன்மேன்-சிட்டர் நோய்க்குறி வருகிறது, முகத்தசையும் உடல் தசையும் பிறவியிலேயே பலவீனமாக இருக்கும்.

செல்லுக்குள் நடக்கும் கலப்புகளும் உண்டு. நரம்பு செல்லில் சின்னப் பைகள் வெளிச்சவ்வோடு கலந்து செய்தி வேதிப்பொருளைக் கொட்டுவதற்கு ஸ்நேர் புரதங்கள் காரணம். 1998ல் செயற்கைக் கொழுப்புக் குமிழிகளில் இந்தப் புரதங்களை மட்டும் வைத்துக் கலக்கச்செய்தார்கள், 2003ல் அவற்றைத் திருப்பி செல்லின் வெளிப்பக்கம் வைத்து முழு செல்களையே கலக்கவைத்தார்கள். தசைகளைச் செயலிழக்கச் செய்யும் பொட்டுலினம் என்ற பாக்டீரியா நச்சு வெட்டுவது இவற்றைத்தான். இவை தாராளமாக ஃபியூசோஜென் பட்டியலில் சேரும். பாலிஎத்திலீன் கிளைக்கால் என்ற வேதிப்பொருளைச் செல்லில் ஊற்றினாலும் சவ்வுகள் கலக்கும், ஆய்வகத்தில் பலகாலமாகப் பயன்படுகிறது, அதையும் ஃபியூசோஜென் என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். வேதிப்பொருள் என்று தெளிவாகச் சொல்லிவிட்டு எழுதினால் நான் சண்டைக்கு வரமாட்டேன், ஆனால் எனக்குப் பிடிக்கவில்லை.

உண்மையான சண்டை விந்தணுவும் கருமுட்டையும் கலப்பதில் இருக்கிறது. 2005ல் இஸுமோ என்ற விந்தணுப் புரதம் தெரியவந்தது (ஜப்பானில் திருமணத்துக்குப் பேர்போன ஓர் ஆலயத்தின் பெயர்). அது இல்லாத எலி விந்தணு, முட்டையின் வெளியுறையைத் துளைத்து உள்ளே வரும், ஆனால் கலக்காது. 2014ல் முட்டையின் பக்கம் அது பிடிக்கும் ஜூனோ தெரிந்தது. உடனே “விந்தணுவின் ஃபியூசோஜென் கிடைத்துவிட்டது” என்று பலர் எழுதினார்கள். ஆனால் இஸுமோவைச் சாதாரண செல்களில் வைத்துப் பார்த்த சோதனைகளில் அவை முட்டையோடு ஒட்டினவே தவிரக் கலக்கவில்லை. 2023ல் ஓர் ஆய்வு, சில வகை செல்களில் அது கலக்கவும் செய்கிறது என்று காட்டியது. இதனுடன் சேர்ந்து தேவைப்படும் வேறு விந்தணுப் புரதங்களும் இருக்கின்றன. ஒரு புரதம் இல்லாவிட்டால் கலப்பு நிற்கிறது என்பது மட்டும் போதாது, அந்தப் புரதத்தைக் கொண்டுபோய் வேறிடத்தில் வைத்தால் அங்கேயும் கலப்பு நடக்க வேண்டும். இந்த இரண்டாவது சோதனையில் உறுதியான பதில் வரும்வரை இஸுமோவுக்கு அந்தப் பெயரைக் கேள்விக்குறியோடு கொடுப்பதே நேர்மை என்று நினைக்கிறேன்.

இதற்கு எதிர்ப்புறம் நிற்பது ஹேப்2. செடிகளில், பாசிகளில், மலேரியா ஒட்டுண்ணியில் எல்லாம் இருக்கும் இனச்செல் புரதம் இது. 2008ல் கிளாமிடோமோனாஸ் என்ற பாசியிலும் எலிகளைத் தாக்கும் மலேரியா ஒட்டுண்ணியிலும் இதை நீக்கிப் பார்த்தார்கள். ஆண், பெண் இனச்செல்கள் ஒன்றையொன்று கண்டுபிடித்தன, இறுக்கமாக ஒட்டின, அங்கேயே நின்றுவிட்டன. 2017ல் இதன் அமைப்பு வெளிவந்தபோது டெங்கு வைரஸின் ஈ புரதத்தோடு ஒரே குடும்பம் என்று தெரிந்தது. வைரஸ் உயிர்களிடமிருந்து எடுத்ததா, உயிர்கள் வைரஸிடமிருந்து எடுத்தனவா என்ற விவாதம் இன்னும் ஓடுகிறது. மலேரியா ஒட்டுண்ணியின் இனச்செல்கள் கலப்பது கொசுவின் வயிற்றில். அந்தக் கலப்பைத் தடுத்தால் கொசு வழியாக நோய் அடுத்தவருக்குப் போகாது, அதனால் ஹேப்2வில் சவ்வுக்குள் குத்தும் அந்தச் சின்னப் பகுதியையே குறிவைக்கும் எதிர்ப்பொருட்களை ஆராய்கிறார்கள். அந்த ஒட்டுண்ணிகள் கொசுவின் வயிற்றில் ஒட்டிக்கொண்டே இருக்கட்டும், கலக்காமல் இருந்தால் போதும்.