சுனிபாலா தேவி நடித்தார்

போன ஞாயிற்றுக்கிழமை நண்பர்களோடு சத்யஜித் ராயின் வங்காளப் படமான 'பதேர் பாஞ்சாலி' மறுபடியும் பார்த்தேன். படம் முடிந்ததும் ஒருவர், "அந்தப் பாட்டி நடிக்கவே இல்லப்பா, வாழ்ந்திருக்காங்க" என்றார். எல்லோரும் தலையாட்டினார்கள். எனக்கு மனசு ஆறவே இல்லை.

இந்திர் தாக்ருனாக வரும் அந்தப் பாட்டியை சத்யஜித் ராய் ஏதோ கிராமத்துத் திண்ணையிலிருந்து கூட்டிக்கொண்டு வரவில்லை. அவர் பெயர் சுனிபாலா தேவி. கல்கத்தா நாடக மேடையில் நடித்தவர். 1930-களில் சினிமாவிலும் தலைகாட்டியிருக்கிறார். அப்புறம் பல வருஷம் யாரும் கூப்பிடவில்லை. ராய் தேடிப் போனபோது வயது எண்பதை ஒட்டியிருந்தது. ஒரு தாலாட்டைச் சொல்ல முடியுமா என்று கேட்டிருக்கிறார் ராய். ராய்க்குத் தெரிந்தது கொஞ்ச வரிகள்தான். சுனிபாலா அதையும் தாண்டிச் சொல்லிக்கொண்டே போனாராம்.

அந்தத் தண்ணீர்க் காட்சியைப் பாருங்கள். உடம்பு முடியாமல் வீட்டுக்கு வந்த கிழவி தண்ணீர் கேட்கிறாள். நீயே எடுத்துக் குடி என்கிறாள் வீட்டுக்காரி சர்வஜயா. கிழவி குடித்துவிட்டு, சொம்பில் மிச்சமிருந்ததை முற்றத்துச் செடிக்கு ஊற்றிவிட்டுக் கிளம்புகிறாள். கோபம் இல்லை, அழுகை இல்லை. அந்தக் கையை எத்தனை நிதானமாகச் சாய்க்கிறார்! திண்ணையில் உட்கார்ந்து 'ஹரி, பொழுது சாய்ந்துவிட்டது, கரை சேர்த்துவிடு' என்று பாடுவதும் அவர் சொந்தக் குரல்தான்.

பணமில்லாமல் படப்பிடிப்பு மாதக்கணக்கில் நின்று நின்று நடந்தது. 1952-இல் தொடங்கிய படம் வெளிவந்தது 1955-இல். இத்தனை இடைவெளியிலும் முந்தைய ஷாட்டில் எந்தக் கை நனைந்திருந்தது, முகத்தில் வியர்வை இருந்ததா என்றெல்லாம் ஞாபகம் வைத்துச் சொன்னவர் சுனிபாலா. இதை எழுதி வைத்திருப்பவர் ராயேதான். படப்பிடிப்பு முடிவதற்குள் படத்துச் சிறுவன் அப்புவின் குரல் உடையவில்லை, அவன் அக்கா துர்கா வளர்ந்துவிடவில்லை, இந்திர் தாக்ருன் சாகவில்லை என்று மூன்று அற்புதங்களைச் சொல்வார் அவர். படம் திரைக்கு வருமுன் சுனிபாலா இறந்துவிட்டார்.

இதையே ஒரு பெரிய ஸ்டார் செய்திருந்தால் 'என்ன உழைப்பு!' என்று பக்கம் பக்கமாக எழுதியிருப்போம். கூன் விழுந்து, பல் போன கிழவி என்றால் மட்டும் அவள் நடிக்கவில்லையாம், அப்படியே இருந்தாளாம். பாராட்டு என்று நினைத்து அவர் தொழிலையே அவரிடமிருந்து பிடுங்கிவிடுகிறோம். வங்காளத்துக்கு வெளியே அவர் இன்று வெறும் 'ராய் படத்துப் பாட்டி'.

பாடை தூக்கும் காட்சி எடுத்த நாளைப் பற்றியும் ராய் சொல்லியிருக்கிறார். அவரைப் பாடையில் கட்டி, தூக்கிப்போய், ஷாட்டும் முடிந்தது. இறக்கி வைத்துக் கயிறை அவிழ்த்தால் அசைவே இல்லை. எல்லோரும் பதறிப்போய் நிற்கிறார்கள். அப்போது பாட்டி கண்ணைத் திறந்து, "ஷாட் முடிஞ்சிடுச்சா? யாரும் சொல்லவே இல்லையே, நான் இன்னும் செத்துப்போய்க் கிடக்கேன்" என்றாராம்.