கால்ஸ்ட்ராம் ஆர்சனலில் ஆடவே இல்லையா?

ஸ்வீடன் கால்பந்து வீரர் கிம் கால்ஸ்ட்ராம் இங்கிலாந்தின் ஆர்சனல் அணிக்கு வந்ததைப் பற்றி, "முதுகு உடைந்தவரை வாங்கினார்கள், ஒரு நிமிடம்கூட ஆடாமல் சம்பளம் வாங்கிப் போனார்" என்று சிலர் சொல்கிறார்கள். பாதிதான் சரி. அவரை ஆர்சனல் வாங்கவில்லை; 2014 ஜனவரி கடைசி நாளில் ரஷ்ய அணியான ஸ்பார்டக் மாஸ்கோவிடமிருந்து சீசன் முடியும்வரை கடனாக எடுத்தது. காயம் உண்மை. அபுதாபியில் ஸ்பார்டக் பயிற்சி முகாமின்போது கடற்கரை மணலில் பந்தாடி முதுகெலும்பில் விரிசல் வாங்கியிருந்தார். மருத்துவப் பரிசோதனையில் அது தெரிந்தபோது பரிமாற்றச் சாளரம் (அணிகள் வீரர்களை மாற்றிக்கொள்ள அனுமதிக்கும் காலம்) மூடும் நேரம். வேறு ஆள் தேட அவகாசம் இல்லை. இன்னும் இரண்டு நாள் இருந்திருந்தால் எடுத்திருக்க மாட்டேன் என்று அப்போதைய ஆர்சனல் பயிற்சியாளர் வெங்கரே ஒப்புக்கொண்டார்.

ஆனால் கால்ஸ்ட்ராம் ஆடினார். மார்ச் 25, ஸ்வான்சியுடன் 2-2 டிராவில் மாற்று வீரராக முதல் முறை இறங்கினார். மொத்தம் 4 ஆட்டங்கள்: லீக்கில் 3, இங்கிலாந்தின் நாக்-அவுட் போட்டியான எஃப்.ஏ. கோப்பையில் 1. அந்த ஒன்றுதான் முக்கியம். வெம்பிளியில் விகனுடன் அரையிறுதி, 1-1, பெனால்டி ஷூட் அவுட். சக வீரர் ஆர்டெட்டாவுக்கு அடுத்து, இரண்டாவதாக வந்து இடது காலால் வலைக்குள் அடித்தார். ஷூட் அவுட்டில் ஆர்சனல் 4-2 என வென்றது. ஒன்பது வருடக் கோப்பை வறட்சி முடிந்த சீசன் அது. இறுதியாட்டத்தில் அவர் இறங்கவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

அந்த நான்கு மாதத்தை வைத்து "தோற்றுப்போன வீரர்" என்பது அநியாயம். ஸ்வீடனுக்கு 131 ஆட்டம், லியோன் அணியுடன் இரண்டு பிரெஞ்சு லீக் பட்டம், யூர்கார்டன் அணியுடன் 2002, 2003 ஸ்வீடன் லீக் பட்டங்கள். இதெல்லாம் யார் கணக்கில்?