கலைக்க முன் கூப்பிட்டுக் கேட்டீர்களா?

இங்கே திருகோணமலையில் மீனவர் கூட்டுறவுச் சங்கக் கந்தோர்க் கதவில் ஒட்டிய கடிதத்தை ஆளாளுக்குப் படம் பிடித்துப் போட்டாயிற்று. நிர்வாகக் குழு கலைக்கப்பட்டதாம். பொறுப்பு ஒரு உத்தியோகத்தரிடமாம். காரணம் "பாரிய முறைகேடுகள்". என்ன முறைகேடு, எந்த வருசத்துக் கணக்கு? ஒரு வரி இல்லை. தலைவருக்கே கதவைப் பார்த்துத்தான் சங்கதி தெரியும்.

முதலே சொல்லிவிடுகிறேன். அவர்கள் காசு எடுத்தார்களா இல்லையா, எனக்குத் தெரியாது. அதிகாரிகளிடம் நான் கேட்பது ஒன்றுதான்: கலைக்க முன் கூப்பிட்டுக் கேட்டீர்களா?

இது நான் கேட்கிற சலுகை இல்லை. 1972ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்திலேயே இருக்கிறது. குழு ஒழுங்காக வேலை செய்யவில்லை என்று கூட்டுறவுப் பதிவாளர் நினைத்தால் கலைக்கலாம், ஆனால் ஆட்சேபம் சொல்ல அவர்களுக்குச் சந்தர்ப்பம் கொடுத்த பிறகுதான். 1966இல் யாழ்ப்பாண மாநகர சபையை இப்படித்தான் ஒரு விளக்கமும் கேளாமல் அமைச்சர் கலைத்தார். மேயர் அல்பிரட் துரையப்பா அப்போது எங்கட நாட்டுக்குக் கடைசி மேன்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போனார். சபையைக் கேட்டுத்தான் கலைத்திருக்க வேண்டும் என்று அங்கே சொன்னார்கள். ஆனாலும் துரையப்பா தோற்றார். முறையிட வேண்டியது சபையாம், மேயர் தனியாக வர ஏலாதாம். நியாயம் எங்கள் பக்கம், தீர்ப்பு அவர்கள் பக்கம். அது எங்களுக்குப் பழக்கம்தானே.

எங்கட அப்பா ஒரு சங்கக் கடையில் முகாமையாளராக இருந்தவர். மழைக்குக் களஞ்சியம் ஒழுகி சீனி மூட்டைகள் கரைந்துபோனதை அன்றைக்கே பழுது இடாப்பில் எழுதி வைத்தார். கணக்காய்வில் இருப்புக் குறைவு என்று வந்ததும் வேலையை நிறுத்தினார்கள். இடாப்பைத் திறந்து பார்க்கச் சொல்லி எழுதின கடிதம் ஒன்றுக்கும் பதில் இல்லை. பிறகு ஒருநாள் "மீளக் கடமையேற்கவும்" என்று வந்தது, அதற்கும் காரணம் இல்லை. அதுவரைக்கும் அம்மா மாலையில்தான் சந்தைக்குப் போவா, தெரிந்த முகங்கள் குறைவு என்று. அவர் திரும்ப வேலைக்குப் போனது ஊருக்குத் தெரியவே இல்லை. நிறுத்தினது மட்டும் எல்லாருக்கும் தெரியும்.

கடிதத்தைப் படம் பிடித்துப் போட்டவர்கள் "கள்ளனுக்கு என்ன விசாரணை?" என்று எழுதுகிறீர்கள். கள்ளன் என்று தெரிவதற்குத்தான் ஐயா விசாரணை. "நேரம் கொடுத்தால் புத்தகங்களைக் கிழித்துப்போடுவார்கள்" என்கிறீர்கள். சரி, அதில் ஞாயம் இருக்கிறது. அலுமாரியை முத்திரை வையுங்கள், வங்கிக் கணக்கை நிறுத்துங்கள், அதற்குப் பிறகு கேளுங்கள். "குழுவில் உன்ர மச்சான் இருக்கிறார்" என்கிறீர்கள். இருக்கிறார். திருகோணமலையில் சொந்தக்காரர் இல்லாத சங்கம் ஒன்றைக் காட்டுங்கள் பார்ப்போம்.

உள்ளதைச் சொன்னால், யாரிடம் போய்க் கேட்பது? கூட்டுறவு மாகாணத்துக்குத் தந்த அதிகாரம். கிழக்கு மாகாண சபையின் காலம் 2017இல் முடிந்தது, பிறகு தேர்தலே இல்லை. நாங்கள் வாக்குப் போட்டு அனுப்பின ஒருத்தர் அங்கே இல்லை, ஆளுநர்தான். கலைத்த கட்டளையை இரத்துச் செய்யச் சொல்லி மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை கேட்கலாம் என்கிறார்கள் படித்தவர்கள். கேட்கலாம். சட்டத்தரணிக்கு யார் காசு கொடுப்பது, மண்ணெண்ணெய்க்கே கடன் சொல்லிக் கடலுக்குப் போகிற அங்கத்தவர்களா? அந்தச் சங்கத்தில் மிஞ்சி இருந்தது அவர்கள் கை உயர்த்தித் தெரிவு செய்த ஒரு குழு மட்டும்தான். ஒரு தாளோடு அதுவும் போயிற்று. அதிகாரிகள் தங்களுக்குள் கதைத்து முடித்துவிட்டார்கள், நாங்கள் பார்வையாளர்கள்.

உள்பெட்டியில் வந்து, "ரீச்சர், நீங்களும் மாகாணத்துச் சம்பளம்தானே, இடமாற்றம் வரும், பார்த்து எழுதுங்கோ" என்று அக்கறைப்பட்ட தம்பிக்கு: தருவதென்றால் தரட்டும். அதற்காவது விளக்கம் கேட்டு முதலில் ஒரு கடிதம் போடச் சொல்லுங்கோ.